பாண்டிட் குவீன்: எந்தப் பிரதி பார்க்கலாம்? (கொஞ்சம் காரமான பதிவு)

டிஸ்கி: நீளமான பதிவு. டீ போட்டு எடுத்துக்கிட்டு வந்து உக்காருங்க. எங்க ஊர் டீத்தூளா இருந்தா இன்னும் விசேஷம்.

சேகர் கபூரின் பாண்டிட் குவீன் பார்க்கணும், எந்தப் பிரதி நல்ல பிரதின்னு நண்பர் ஒருத்தர் கேட்டிருந்தார். நியாயமான கேள்வி. அவருக்கு நம்ம மக்கள் சொன்ன பதில்களைப் படிச்சதும்தான் குன்னூர் குளிரிலயும் எனக்குச் சூடேறிப் போச்சு. பதில் சொன்னவங்க ரெண்டு கோஷ்டி. முதல் கோஷ்டி, 'அன்கட்' இருக்கா, 'அது' எத்தனாவது நிமிஷத்தில வருதுன்னு விசாரிக்கிற கோஷ்டி. அவங்களோட எனக்குச் சண்டை இல்லை. தேடுறது என்னன்னு அவங்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அந்தப் படத்தில அது கிடைக்காதுன்னு பார்த்தா தெரிஞ்சுக்குவாங்க. ரெண்டாவது கோஷ்டிதான் என் பிரச்சினை. "அந்த அசிங்கமெல்லாம் வெட்டின பிரதியே போதும், கதை அப்படியேதான் இருக்கு, குடும்பத்தோட பார்க்கலாம்"னு சொல்ற கோஷ்டி. இதில என் நெருங்கிய நண்பர்களே மூணு பேர். நாளைக்கு எங்கேயாவது பார்த்தா முகத்தைத் திருப்பிக்காதீங்கய்யா, மனசில பட்டதைச் சொல்லிடறேன்.

கதை அப்படியே இல்லை. அதுதான் இந்தப் பதிவே.

படம் பார்க்காதவங்களுக்கு ரெண்டு வரி. 1994-ல் எடுத்த படம். லண்டன் சேனல் 4 பணம் போட்டது. மாலா சென் எழுதின புத்தகத்தை வெச்சு எடுத்தது. பூலான் தேவியா சீமா பிஸ்வாஸ், விக்ரம் மல்லாவா நிர்மல் பாண்டே, கேமரா அசோக் மேத்தா, எடிட்டிங் ரேணு சலூஜா, இசை நுஸ்ரத் ஃபதே அலி கான். மனோஜ் பாஜ்பாய் எல்லாம் அப்போ யாருன்னே தெரியாத ஆள், இதில மான்சிங்கா வருவார். சிறந்த இந்திப் படம், சிறந்த நடிகைன்னு தேசிய விருதுகள் வாங்கினது. படகோட்டி மல்லா சாதியில பிறந்து, 11 வயசில கட்டிக்கொடுக்கப்பட்டு, சம்பல் கொள்ளைக்காரியாகி, 1983 பிப்ரவரியில பிந்த் நகரத்தில முதல்வர் அர்ஜுன் சிங் முன்னாடி துப்பாக்கியைக் கீழ வெச்ச பெண்ணோட கதை.

நான் முதல்ல பார்த்தது 1996-ல், கோயமுத்தூர்ல ஒரு தியேட்டர்ல. பஸ் பிடிச்சு மலை இறங்கிப் போய்ப் பார்த்தேன். உள்ளே முக்கால்வாசி காலேஜ் பசங்க, என்னையும் சேர்த்து. எதுக்கு வந்திருந்தோம்னு சொல்லத் தேவையில்லை. முதல் அரைமணி நேரம் விசில். அப்புறம் விசில் குறைஞ்சது. பெஹ்மாய் கிராமத்தில அந்தக் கிணறு வந்தப்போ அரங்கத்தில ஒரு சத்தம் இல்லை. எனக்குப் பக்கத்து சீட்டில இருந்தவன் குனிஞ்சு செருப்பு வாரைச் சரி பண்ணிக்கிட்டே இருந்தான். ரொம்ப நேரம் சரி பண்ணினான்.

அதுக்கப்புறம் என்கிட்ட இந்தப் படம் மூணு அவதாரத்தில இருந்திருக்கு. முதல்ல ஒரு வீடியோ கேசட், வளைகுடாவில இருந்து நண்பன் கொண்டு வந்தது. குன்னூர்ல கேசட் வெச்சிருந்தவங்களுக்குத் தெரியும், ரெண்டு ஐப்பசி மழை தாண்டினா டேப் மேல வெள்ளையாப் பூஞ்சை படிஞ்சிடும். அலமாரிக்குள்ள 40 வாட் பல்பு போட்டு வெச்சும் போயிடுச்சு. ரெண்டாவது, ஊட்டி கமர்ஷியல் ரோட்டில ஒரு கடையில வாங்கின விசிடி, ரெண்டு டிஸ்க். வெளியிட்ட கம்பெனி பேர் வேண்டாம். மூணாவது லண்டன்ல இருந்து வந்த டிவிடி. அதுதான் இன்னைக்கும் அலமாரியில இருக்கு.

விசிடி கதையைக் கொஞ்சம் விரிவாச் சொல்லணும். 2005 வாக்கில இருக்கும். பக்கத்து வீட்டு அக்கா, எஸ்டேட்டில முப்பது வருஷத்துக்கு மேல கொழுந்து பறிச்சு ஓய்வு வாங்கினவங்க. பேப்பர்ல பூலான் தேவி படத்தைப் பார்த்திருக்காங்க, "அந்தப் பொண்ணு கதையைப் போடு தம்பி"ன்னு வந்து உக்காந்தாங்க. அவங்களுக்கு இந்தி தெரியாது, எனக்கும் தெரியாது. கீழ ஓடுற இங்கிலீஷ் வரியைப் பார்த்துப் பார்த்து நான் தமிழ்ல சொல்லணும். படம் ஆரம்பமே பூலான் நம்ம முகத்தைப் பார்த்து ஒரு வசவோட தன் பேரைச் சொல்றதுதான். நான் "என் பேர் பூலான் தேவின்னு சொல்றாக்கா"ன்னேன். அக்கா என்னைத் திரும்பிப் பார்த்து, "வேற என்னமோ சேர்த்துச் சொன்ன மாதிரி இருந்துச்சே"ன்னாங்க. அசடு வழிஞ்சேன். (அடுத்தவன் கத்தரிக்கோலைத் திட்டறதுக்கு முன்னாடி இதையும் ஒத்துக்கணும் இல்லையா.)

ரெண்டாவது டிஸ்க். விக்ரம் செத்துப் போறான். பூலானைப் பிடிச்சு பெஹ்மாய்க்குக் கொண்டு போறாங்க. ஒரு கதவு திறக்குது. அப்புறம் படம் ஒரு குதி குதிச்சது. பூலான் எங்கேயோ நடந்து போறா. கொஞ்ச நேரத்தில திரும்பி வர்றா, ஆட்களோட, துப்பாக்கியோட. ஆம்பளைங்களை வரிசையா நிக்க வெச்சுச் சுடறாங்க. அக்கா கேட்டாங்க:

"ஏன் தம்பி, இத்தனை பேரை எதுக்குச் சுடுறா? என்ன பண்ணினாங்க?"

நான் ரீமோட்டைக் கையில வெச்சுக்கிட்டு முழிச்சேன். டிஸ்க்கில பதில் இல்லை. நான்தான் வாயால சொல்லணும். எப்படிச் சொல்றது, எந்த வார்த்தையில சொல்றது? முதல் வசவையே முழுங்கின ஆள் நான்.

இப்போ குடும்பக் கோஷ்டி நண்பர்களே, கொஞ்சம் யோசிங்க. அந்த விசிடியில இருந்து எதை எடுத்தாங்க, எதை விட்டாங்க? ஊர் ஆம்பளைங்க சுத்தி நின்னு பார்க்க, ஒரு பெண்ணைத் துணியில்லாம கிணத்துக்கு நடக்க வெச்சுத் தண்ணி எடுக்கச் சொன்னதை எடுத்தாங்க. அவள் சார்பா நடந்த சுடுதலை முழுசா விட்டாங்க. இருபது பேரைச் சுடறது குடும்பத்தோட பார்க்கலாம், அந்தக் கிணறு பார்க்கக்கூடாது! தாக்கூர்கள் செய்தது மறைஞ்சு போச்சு, மல்லா பெண் செய்தது மட்டும் மிச்சம். வெட்டினவன் சாதி பார்த்து வெட்டினான்னு நான் சொல்லலை, அவனுக்கு அவ்வளவு யோசனை இருந்திருக்காது. ஆனா வெட்டி முடிச்சப்போ கிடைச்ச படம், பெஹ்மாய் தாக்கூர்கள் தரப்பு வக்கீல் எழுதின மனு மாதிரி இருந்தது. 'கதை அப்படியேதான் இருக்கு'ன்னு நீங்க சொல்றது இந்தக் கதையைத்தான்.

இந்த வாதம் என் சொந்தச் சரக்கும் இல்லை. 1995-ல் படம் தணிக்கைக்குழு, மறுபரிசீலனைக்குழுன்னு ஏறி இறங்கி, மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போச்சு. தலைவர் நீதிபதி லெண்டின், உறுப்பினர்கள்ல பெண்களும் இருந்தாங்க. சில இடங்களைக் குறைக்கச் சொல்லி, 'ஏ' சான்று கொடுத்தாங்க. கிணத்துக் காட்சி இருக்கட்டும்னுதான் முடிவு பண்ணாங்க. 1996 ஜனவரியில படம் வெளிவந்ததும் ஓம் பால் சிங் ஹூன்னு ஒருத்தர், குஜ்ஜர் சமூகத்தை இழிவுபடுத்துதுன்னு தில்லி உயர்நீதிமன்றம் போனார். படத்தில வர்ற கொடுமைக்காரன் ஒருத்தன் பேர் பாபு குஜ்ஜர், அதனால. மார்ச்சில சான்று ரத்து. 1996 மே 1-ந்தேதி உச்சநீதிமன்றம் அதைத் திருப்பிப் போட்டது. நீதிபதி பருச்சா எழுதின தீர்ப்பு. தேடிப் படிச்சுப் பாருங்க, நம்மில் பலர் எழுதுற விமர்சனத்தைவிட நல்ல சினிமா விமர்சனம் அது. அந்த நிர்வாணம் ஆசையைத் தூண்ட இல்லை, பாதிக்கப்பட்டவள் மேல இரக்கமும் செய்தவன் மேல அருவருப்பும் வரத்தான் இருக்குன்னு சொல்லுது. ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட் படத்தை உதாரணமாத் தீர்ப்பாயம் காட்டினது சரிதான்னும் சொல்லுது. வசவுகளைப் பத்தி, தெருவில தினம் கேக்கிறதுதானே, இதுக்கென்ன இவ்வளவு கூப்பாடுங்கிற தொனி. 1996-ல் நீதிபதிகளுக்குப் புரிஞ்சது இன்னைக்கு நம்ம ஆட்களுக்குப் புரியலையேங்கிறதுதான் வருத்தம்.

சரி, டிஸ்க்கெல்லாம் பழங்கதை, இப்போ எல்லாம் ஓடிடிதானே, சுத்தமான பிரிண்ட், அதைப் பார்த்தா போச்சுங்கிறீங்களா? 2025 மார்ச்சில சேகர் கபூரே சமூக வலைத்தளத்தில எழுதினார். அமேசான் பிரைமில இருக்கிற பாண்டிட் குவீன் தான் எடுத்த படமாகவே தெரியலை, இரக்கமில்லாம வெட்டியிருக்காங்க, தன் பேரையும் போட்டிருக்காங்க, தன்னை யாரும் கேக்கலைன்னு. எடுத்தவருக்கே தெரியாம எப்போ, எவன், எந்த மேஜையில வெட்டினான்? இங்கேதான் எனக்குப் பழைய சென்சார் மேலேயே ஒரு மரியாதை வருது. (நானா இப்படி எழுதறேன்!) அந்தக் காலத்துக் கத்தரிக்கு ஒரு காகிதம் உண்டு. இத்தனை அடி, இந்தக் காட்சி, இந்தக் காரணம். எதிர்த்து மேல போகலாம், கோர்ட்டில நின்னு கத்தலாம், தீர்ப்பு வரும், இருபத்தொன்பது வருஷம் கழிச்சு குன்னூர்ல ஒருத்தன் அதைப் படிச்சுட்டுப் பதிவு போடலாம். அந்த மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தையும் 2021-ல் மூடியாச்சு. ஓடிடிக்குத் தணிக்கைச் சான்றே வேண்டியதில்லை. ஆக, யாரும் கட்டளை போடாமலே, யாருக்கும் சொல்லாமலே, உச்சநீதிமன்றம் 'இருக்கட்டும்'னு சொன்ன படத்தை ஒரு கம்ப்யூட்டர் ஃபைலா சத்தமில்லாம மாத்திடலாம். நேத்து நீங்க பார்த்ததும் இன்னைக்கு நான் பார்க்கிறதும் ஒண்ணான்னு கண்டுபிடிக்கவே வழியில்லை. டிஸ்க் அப்படியில்லை. வெட்டினதா இருந்தாலும் அது வெட்டினபடியே இருக்கும், கையும் களவுமாப் பிடிக்கலாம்.

இங்கே ஒரு தொழில்நுட்ப விஷயம். நண்பர் ஒருத்தர், "என் டிஸ்க் 114 நிமிஷம்தான், அஞ்சு நிமிஷம் வெட்டிட்டாங்க"ன்னு புலம்பியிருந்தார். அவசரப்படாதீங்க. படம் 119 நிமிஷம்னு குறிப்பிடப்படுது. தியேட்டர்ல விநாடிக்கு 24 சட்டம். பால் முறை டிஸ்க்கில அதையே விநாடிக்கு 25-ஆ ஓட்டுவாங்க. நூத்துக்கு நாலு பங்கு வேகம் கூடும். 119-ஐ 24-ஆல் பெருக்கி 25-ஆல் வகுத்தா 114 சொச்சம். ஒண்ணும் வெட்டுப்படலை, குரல் மட்டும் துளி கீச்சுன்னு இருக்கும். நுஸ்ரத்தோட குரல்ல அது எனக்குத் தெரியுது, என் வீட்டம்மாவுக்குத் தெரியலை. அதனால நிமிஷத்தை எண்ணாதீங்க, இடத்தைப் பாருங்க. முதல் வசவு காதில விழுதா? கல்யாணமாகிப் போன குழந்தை, புத்திலால் வீட்டில படுற பாடு இருக்கா? அதே புத்திலாலைப் பின்னாடி கட்டிவெச்சு அடிக்கிற காட்சி இருக்கா? முன்னாடி உள்ளதை எடுத்துட்டா இதுவும் காரணமில்லாத வெறியாத்தான் தெரியும். அப்புறம் கிணறு. இந்த நாலும் இருந்தா வாங்கிடுங்க. பிரிண்ட் கொஞ்சம் புகைஞ்சிருந்தா பரவாயில்லை. கண்ணாடி மாதிரி பளபளன்னு இருந்து கிணறு இல்லைன்னா அந்தப் பளபளப்பை வெச்சு என்ன செய்ய?

இதோட நிறுத்தினா கைதட்டு வாங்கிட்டுப் போயிடலாம். ஆனா எதிர்க் கட்சியில யாரும் எடுக்காத ஒரு கல் இருக்கு, அதை நானே எடுத்து என் மேல போட்டுக்கறேன்.

இந்தப் படம் வெளிவரக்கூடாதுன்னு முதல்ல கோர்ட்டுக்குப் போனது குஜ்ஜர்காரர் இல்லை. பூலான் தேவி. விசாரணையே நடக்காம 11 வருஷம் ஜெயில்ல இருந்துட்டு 1994 பிப்ரவரியில வெளியே வந்தவர். தன் கதையை, தன் மேல நடந்ததை, உயிரோட இருக்கிற தன்னைக் கேக்காம படமாக்கி ஊருக்கெல்லாம் காட்டறாங்கன்னார். பெஹ்மாய்க் கொலையில தனக்குப் பங்கில்லைங்கிறது அவர் தரப்பு. வழக்கு நிலுவையில. படமோ அவரை அங்கே கொண்டு போய் நிறுத்துது. தில்லி உயர்நீதிமன்றம் 1994 டிசம்பர்ல திரையிடத் தடையும் கொடுத்தது. கடைசியில சேனல் 4 சுமார் 40 ஆயிரம் பவுண்டு கொடுத்து சமரசம் ஆச்சு. அருந்ததி ராய் (சின்ன வயசில எங்க ஊட்டியில கொஞ்ச காலம் இருந்தவர்தான்) 1994-லேயே இதைப் பிடிச்சு சேகர் கபூரைக் கிழிகிழின்னு கிழிச்சிருந்தார். உயிரோட இருக்கிற பெண்ணோட பலாத்காரத்தை அவள் சம்மதமில்லாம மறுபடி நடத்திக்காட்ட உனக்கு யார் உரிமை கொடுத்ததுன்னு.

'என்னை யாரும் கேக்கலை.' 2025-ல் இயக்குநர் சொன்ன இந்தக் குறையை 1994-ல் பூலான் தேவி அவர்கிட்டயே சொல்லியிருக்கார். அவர் இதைப் படிச்சா கோபம் வரும், வரட்டும்.

அப்போ வெட்டினதுதான் பூலானுக்கு மரியாதைன்னு கிளம்பிடாதீங்க. அவரைக் கேட்டு வெட்டினாங்களா? 2001 ஜூலை 25-ல், எம்.பி.யா இருக்கும்போதே, தில்லி வீட்டு வாசல்ல பூலானைச் சுட்டுக் கொன்னுட்டாங்க. சுட்டவன் பெஹ்மாய்க்குப் பழின்னான். பெஹ்மாய் வழக்கிலயோ 43 வருஷம் கழிச்சு, 2024 பிப்ரவரியிலதான் கீழ்க்கோர்ட் தீர்ப்பே வந்தது. இத்தனைக்கும் நடுவில, விசிடி கம்பெனிக்காரன் எடுத்த அந்தச் சில நிமிஷத்தால பூலானுக்கு என்ன திரும்பக் கிடைச்சது? அவர் கேட்டது தன் கதையில தனக்குச் சொல். அது கிடைக்கலை. கிணத்தை வெட்டினதால கொலைக்காரிங்கிற பட்டம் மட்டும் தெளிவாத் தெரியுது, அதைத்தான் அவர் மறுத்தது. படமே எடுத்திருக்கக்கூடாதுன்னு ஒருத்தர் சொன்னா, அவரோட உக்காந்து பேசுவேன், பாதி ஒத்துக்குவேன். எடுத்த படத்தை அரைகுறையாப் பார்க்கலாம்னு சொன்னா ஒத்துக்க மாட்டேன்.

லண்டன் டிவிடி வந்ததும் அக்காவைக் கூப்பிட்டேன். கடன் மாதிரி இருந்தது அந்தக் கேள்வி. கிணறு வர்ற இடம் இப்படின்னு முன்னாடியே சொல்லிட்டேன். இருந்தும் காட்சி ஆரம்பிச்சதும் "நிறுத்து தம்பி"ன்னாங்க. பதறிப் போய் நிறுத்தினேன். படம் அந்தச் சட்டத்திலேயே உறைஞ்சு நின்னுடுச்சு. "ஐயோ, அவளை அப்படியேவா நிக்க வெப்ப? ஓட விடு"ன்னு சத்தம் போட்டாங்க. ஓட விட்டேன். அது முடியற வரைக்கும் ஜன்னல் பக்கம் பார்த்துக்கிட்டு இருந்தாங்க. வெளியே பனிமூட்டம், ஒண்ணும் தெரியாது. "முடிஞ்சுதா?" "முடிஞ்சதுக்கா." திரும்பி உக்காந்தாங்க.

சுடற இடம் வந்தப்போ, இந்தத் தடவை எதுக்குன்னு கேக்கலை. வேற ஒண்ணு கேட்டாங்க.

"தண்ணி எடுத்துட்டு வரச் சொன்னானே ஒருத்தன், அவன் இந்த வரிசையில இருக்கானா?"

"இல்லக்கா. அவன் அகப்படலை."

"அப்போ இவங்க?"

அதுக்கு டிவிடியிலயும் பதில் இல்லை. ஆனா அந்தக் கேள்வி முழுப் படம் பார்த்ததாலதான் வந்தது. விசிடி பார்த்துட்டு இப்படிக் கேக்க முடியாது.

நம்ம மொழிப் படத்துக்கு இந்த மாதிரி பிரதி சண்டை போடக்கூட எனக்குக் கொடுத்து வைக்கலைங்கிறது தனி எரிச்சல். ஜான் ஆபிரகாமோட 'அக்ரகாரத்தில் கழுதை', 1977-ல் எடுத்தது, வெங்கட் சாமிநாதன் எழுதினது, தேசிய விருது வாங்கினது. 1989-ல் தூர்தர்ஷன்ல போடறதா இருந்து எதிர்ப்பு வந்ததும் நிறுத்திட்டாங்க. இன்னைக்கு வரைக்கும் ஒழுங்கான ஒரு டிஸ்க்கை நான் கையால தொட்டதில்லை. அதுக்குத் தனிப் பதிவு போடணும், இன்னொரு நாள் திட்டறேன்.

என் டிவிடியைக் கேட்ட நண்பர்களுக்கு: தபால்ல அனுப்ப மாட்டேன். குன்னூர் வந்தா வீட்டில உக்காந்து பார்க்கலாம். அக்கா வந்தா அவங்களுக்குத் தமிழ்ல நீங்கதான் சொல்லணும், வசவு உட்பட.

பி.கு: மலையில இருக்கிறவங்களுக்கு. டிஸ்க்கில பூஞ்சை மாதிரி மங்கலாத் தெரிஞ்சா தூக்கிப் போடாதீங்க. துளி சோப்பு கலந்த தண்ணி, மெல்லிசான பருத்தித் துணி. நடுவில இருந்து ஓரத்துக்கு நேராத் துடைக்கணும். வட்டமாத் துடைக்காதீங்க, கீறல் விழுந்தா படம் அந்த இடத்தில குதிச்சிடும்.